பதம் தெரிகிற மாதிரி படம் எடுப்பது

கைத்தொழில்களைப் பற்றி நம் ஊரில் எடுக்கப்படும் படங்கள் பலவற்றை, அந்தத் தொழில் செய்கிறவருக்கே போட்டுக் காட்டினால் அவருக்கு அதில் ஒன்றும் இருக்காது. சூரிய உதயம் இருக்கும், மேலிருந்து எடுத்த பனங்காடு இருக்கும், புல்லாங்குழல் இருக்கும், சுருக்கம் விழுந்த ஒரு கை இருக்கும், "எனக்கப்புறம் இதைச் செய்ய ஆளில்லை" என்ற பேச்சும் இருக்கும். பதநீர் வடியப் பாளையை எந்தப் பக்கமிருந்து சீவினார், எவ்வளவு கனத்துக்குச் சீவினார் என்பது மட்டும் இருக்காது. பார்க்கிற நமக்கு மனசு கனத்துப்போகும். ஆனால் அந்த வேலை அதில் பதிவாகியிருக்காது.

நான் திருநெல்வேலியில் கல்யாண வீடியோ எடுக்கிறவன். கல்யாணம் இல்லாத நாட்களில் உடன்குடி, திசையன்விளைப் பக்கத்துப் பனையேறிகளையும், பத்தமடையில் பாய் நெய்கிறவர்களையும், சிவகங்கைப் பக்கம் ஐயனாருக்கு மண்குதிரை செய்கிற வேளார்களையும் சில ஆண்டுகளாகப் படமெடுத்து வருகிறேன். போன இடத்தில் எதை எடுப்பது என்று குழம்பும்போதெல்லாம் எனக்கு நானே கேட்டுக்கொள்வது ஒன்றுதான். கற்றுக்கொடுக்க ஆளே இல்லாத ஒரு நாள் வந்தால், இந்தப் படத்தை மட்டும் வைத்துக்கொண்டு ஒருவர் இந்த வேலையைத் தொடங்க முடியுமா? கேமராவை எங்கே வைப்பது, எவ்வளவு நேரம் ஓடவிடுவது, இசை சேர்ப்பதா வேண்டாமா, யாரிடம் என்ன கேட்பது என்று எல்லாமே இந்தக் கேள்வியில்தான் எனக்குத் தெளிவாகின்றன. இதே வேலையில் இறங்க நினைக்கிறவர்களுக்குப் பயன்படும் என்று எனக்குத் தெரிந்ததை எழுதுகிறேன்.

முதலில் பருவம். தென் மாவட்டங்களில் பனைத்தொழில் மாசி, பங்குனியில் தொடங்கி ஆடி வரைக்கும் நடக்கும். பெரும்பாலும் எல்லோரும் படமெடுக்க வருவது சித்திரை, வைகாசியில், கலயம் நிறைய பதநீர் இறங்குகிற சமயத்தில். ஆனால் ஒரு பனையேறியின் அறிவு முழுக்க அதற்கு முந்தைய வாரங்களில்தான் இருக்கிறது. மட்டைகளைக் கழித்து, மரத்தைச் சுத்தம் செய்து, பாளைகளைச் சேர்த்துக் கட்டி, இடுக்கியால் நாள்தோறும் கொஞ்சம் கொஞ்சமாக நசுக்கிப் பக்குவப்படுத்த வேண்டும். அலகுப்பனைக்கு, அதாவது ஆண்பனைக்கு ஒரு விதம், பருவப்பனைக்கு, அதாவது பெண்பனைக்கு வேறு விதம். எவ்வளவு அழுத்த வேண்டும் என்பது கைக்குத்தான் தெரியும். அதிகமானால் பாளை வீணாகும், குறைந்தால் பதநீர் வராது. இந்த நாட்களில் காட்டுவதற்கு அழகாக எதுவும் நடக்காது, கலயத்தில் ஒரு சொட்டும் விழாது. கற்றுக்கொள்ள வருகிறவருக்கோ இதுதான் பாடமே. ஆகவே நேரம் குறைவு என்றால் சித்திரையை விட்டுவிட்டு மாசிக் கடைசியில் போங்கள் என்றுதான் சொல்வேன்.

நம் வசதிக்கு அவர்களை நிறுத்தவும் முடியாது. "ஒரு நாளு சீவலைன்னா பாளை கோவிச்சுக்கிடும் தம்பி" என்பார் நான் அதிகம் படமெடுத்த அண்ணாச்சி. வெட்டுவாய் காய்ந்துவிட்டால் வரத்து குறைந்துவிடும். அதனால் மழை, காய்ச்சல், வீட்டு விசேஷம் எதுவானாலும் மரத்துக்குப் போயாக வேண்டும். விடியுமுன் ஒரு ஏற்றம், சாயங்காலம் ஒரு ஏற்றம், சிலர் நடுப்பகலிலும் ஏறுவார்கள். முப்பது, நாற்பது மரம் பார்க்கிறவர்கள் இருக்கிறார்கள். படமெடுக்கிறவர்தான் அந்த ஓட்டத்துக்குள் போய் ஒட்டிக்கொள்ள வேண்டும். பருவமும் முகூர்த்த மாதங்களும் ஒன்றாக வருவதால் எனக்கு இதில் வருமான நஷ்டம் உண்டு. வைகாசியில் சில தேதிகளை இப்போது யாருக்கும் கொடுப்பதில்லை.

மரத்தில் இருப்பவரிடம் எதையும் கேட்கக் கூடாது என்பதை நான் விதியாகவே வைத்திருக்கிறேன். "அண்ணாச்சி, இன்னொரு தடவை ஏறுங்க", "கொஞ்சம் இந்தப் பக்கம் திரும்புங்க", "கேமராவைப் பாருங்க" எதுவும் கிடையாது. பனையிலிருந்து விழுந்து இறந்தவர், இடுப்பொடிந்து கிடப்பவர் இல்லாத பனையேறிக் கிராமமே இல்லை. காலில் தளைநார், இடுப்பில் அருவாள் பெட்டி, கையில் கலயம் என்று ஏறுகிறவருக்கு நம் பேச்சு ஒரு நொடி கவனச் சிதறல். அந்த ஒரு நொடி போதும். கேமரா கட்டுவதானாலும் யோசித்துக் கட்ட வேண்டும். மார்பில் கட்டினால் அவர் மரத்தைக் கட்டிப்பிடித்து ஏறும்போது இடிக்கும், படத்திலும் மரப்பட்டைதான் தெரியும். தலைத்துண்டோடு சேர்த்துக் கட்டும் சின்ன ஆக்‌ஷன் கேமரா பரவாயில்லை. அதையும் அவரே போட்டு, ஒரு மரம் ஏறி இறங்கி, "தொந்தரவில்லை" என்று சொன்னபிறகுதான். பாளை சீவுவதைக் கிட்டத்தில் எடுக்க வேண்டுமென்றால் குட்டையான, ஆனால் பாளை விட்ட மரம் ஒன்றைக் காட்டச் சொல்லுங்கள். தோட்டத்து ஓரத்தில் ஏணி போட்டு எட்டுகிற மாதிரி ஒன்றிரண்டு எப்படியும் இருக்கும்.

ட்ரோன் பற்றி ஒரு வார்த்தை. நான் எடுக்கும் பகுதியில் ஒரு பக்கம் கூடங்குளம் அணுமின் நிலையம், இன்னொரு பக்கம் குலசேகரப்பட்டினத்தில் 2024 பிப்ரவரியில் அடிக்கல் நாட்டப்பட்ட ராக்கெட் ஏவுதளம். எங்கே பறக்கவிடலாம், எங்கே கூடாது என்பதை அரசின் டிஜிட்டல் ஸ்கை வரைபடத்தில் பார்க்காமல் பெட்டியையே திறக்கக் கூடாது. அது போக, மேலிருந்து பார்த்தால் பனையேறி ஒரு புள்ளிதான். காடு எவ்வளவு பெரிது, ஒருவர் ஒரு காலையில் எவ்வளவு தூரம் நடக்கிறார் என்று காட்ட ஒரே ஒரு ஷாட் போதும்.

பதநீர் இறங்கிய பிறகு நடப்பதுதான் எனக்கு மிகப் பிடித்த பகுதி. அது நடப்பது விடிலியில்.

விடிலி என்பது பனைமட்டையும் ஓலையும் வைத்துக் கட்டிய தாழ்ந்த குடிசை. உள்ளே அடுப்பு, அதன்மேல் அகன்ற தாச்சி, எரிக்கக் காய்ந்த ஓலையும் பன்னாடையும் மட்டையும். இங்கே ராஜ்ஜியம் முழுக்கப் பெண்களுடையது. அண்ணாச்சி கொண்டுவந்து ஊற்றுவதோடு சரி. பதநீரில் சர்க்கரை சுமார் 12 சதவீதம்தான், மீதி பெரும்பாலும் தண்ணீர். அந்தத் தண்ணீர் முழுவதும் வற்ற வேண்டும். பதநீர் புளிக்காமலிருக்கக் கலயத்தில் தடவிய சுண்ணாம்பை அடியில் தங்கவிட்டுத் தெளிவை வடிகட்டி ஊற்றுகிறார்கள். கொதி ஏறும்போது நுரை பொங்கி வழியப் பார்க்கும், அப்போது கொஞ்சம் ஆமணக்கு முத்தை நசுக்கிப் போட்டால் நுரை அடங்கும். மணிக்கணக்கில் வற்றி, பாதி கெட்டியான கூப்பனியாகி, அப்புறம் கருப்பட்டிக்கான பாகாகும்.

அந்தப் பாகு பதமாகும் நேரத்தைப் படமெடுப்பதுதான் சவால். பாகு காய்ச்சுகிற அக்கா துடுப்பை உயர்த்திப் பார்ப்பார். துடுப்பிலிருந்து பாகு முதலில் ஒழுகும், பிறகு சொட்டும், பிறகு இழையாக இறங்கும். ஒரு சொட்டைத் தண்ணீரில் விட்டு விரலால் உருட்டிப் பார்ப்பார். உருண்டு நின்றால் பதம். இதெல்லாம் எல்லோரும் எடுக்கிற ஷாட். ஆனால் அவர் துடுப்பை எடுப்பதற்கு முன்னாலேயே தலையைத் திருப்பிவிடுகிறார் என்பதை நான் எடுத்த காட்சிகளைத் திரும்பப் பார்க்கும்போது கவனித்தேன். வாசலில் உட்கார்ந்து ஓலை கிழித்துக்கொண்டிருந்தவர், தாச்சியைப் பார்க்காமலே எழுந்து வருகிறார். கேட்டதற்கு, "சத்தம் மாறிட்டுல்லா" என்றார். முதலில் சலசலவென்று தண்ணீர்க் கொதி. பிறகு நுரை எழும்போது அடங்கிய ஓசை. பாகு கட்டிப்படும்போது குமிழிகள் பெரிதாகி, ஒன்றுக்கொன்று இடைவெளி விட்டு, "பொளக்… பொளக்…" என்று வெடிக்கும். அந்த இடைவெளிதான் அவருக்குக் கடிகாரம்.

அன்றிலிருந்து இந்தப் பதிவுகளில் நான் இசையே சேர்ப்பதில்லை. ஓசையும் வேலையின் ஒரு பகுதி என்றால் அதன்மேல் வீணையோ குழலோ போடுவது, படத்தின்மேல் பாதித் திரையைத் துணியால் மூடுவதற்குச் சமம். கேமராவில் இருக்கும் மைக்கும் போதாது. தாச்சிக்கு ஒரு முழம் தள்ளி, வெக்கை படாத உயரத்தில், தனி ரெக்கார்டர் ஒன்றைக் கட்டித் தொங்கவிட்டு, கொதி தொடங்கியதிலிருந்து சிரட்டையில் ஊற்றும் வரை நிறுத்தாமல் ஓடவிடுகிறேன். ஆனி, ஆடியில் செம்மணல் தேரிக்காட்டில் காற்று பிய்த்துக்கொண்டு அடிக்கும். பனையோலைச் சத்தம் எல்லாவற்றையும் தின்றுவிடும். மைக்குக்கு நல்ல ரோமக் கவசம் இல்லாமல் அந்த மாதங்களில் போவதில் அர்த்தமில்லை.

நிறமும் அப்படித்தான். பாகின் நிறம் பொன்னிலிருந்து செம்பழுப்பாகி, கருப்படிக்கும் கட்டம் வரை மாறிக்கொண்டே வரும். கேமராவில் ஆட்டோ ஒயிட் பேலன்ஸ் வைத்திருந்தால், நெருப்பு வெளிச்சம் கூடக் குறைய அது தன் போக்கில் நிறத்தைச் சரிசெய்துகொண்டே இருக்கும். நமக்கு வேண்டிய தகவலையே அது அழித்துவிடும். ஒரு எண்ணில் நிலையாக வைத்துவிட்டு, தொடக்கத்தில் ஒரு முறை நிற அட்டையைத் தாச்சியின் பக்கத்தில் பிடித்து எடுத்துக்கொள்ளுங்கள். விடிலிக்குள் எல்இடி விளக்கு கொண்டுபோவதையும் தவிர்க்கலாம். அந்த அரையிருட்டில் பார்த்துப் பழகிய கண் அது. வெள்ளை விளக்கைப் போட்டால் அக்காவுக்கே பாகின் நிறம் பிடிபடாது. வெளிச்சம் வேண்டுமென்றால் கூரையோரத்தில் ஒரு ஓலையைத் தூக்கிவிடச் சொல்லிக் கேட்கலாம். புகை போகவும் வழியாகும்.

கேமராவை எங்கே வைப்பது என்பதைப் பத்தமடையில் கற்றேன். 1953-இல் எலிசபெத் ராணியின் முடிசூட்டுக்கு இங்கிருந்து பாய் போன கதையை ஊரில் பெருமையோடு சொல்வார்கள். பெருமைப்பட வேண்டியதுதான். ஆனால் அங்கே போகிற கேமராக்கள் அந்தக் கதையையும் முடிந்த பாயின் பளபளப்பையும் எடுத்துக்கொண்டு திரும்பிவிடுகின்றன. தாமிரபரணிக் கரைக் கோரையை வெயிலில் காயவைத்து, கத்தியில் கீறி, உள்ளிருக்கும் மென்மையான சோற்றுப் பகுதியை எடுத்து, ஓடுகிற தண்ணீரில் நாட்கணக்கில் ஊறப்போட்டு, மறுபடி மெல்லிய இழையாக்குவதில்தான் பட்டுப்போல் மெல்லிய பட்டுப்பாயின் பாதி வேலை முடிகிறது. 100, 120, 140 என்று நெசவு எண் கூடக்கூட இழை மெலிய வேண்டும். கீறும்போது வலது கைக் கத்தி அசைவதேயில்லை. இடது கைதான் கோரையை இழுக்கிறது, கட்டைவிரல் நகம் வழிகாட்டுகிறது. எதிரில் உட்கார்ந்து எடுத்தால் இடம் வலம் மாறித் தெரியும், விரல்கள் கோரையை மறைக்கும். நெய்கிறவரின் தோளுக்குப் பின்னால், அவர் கண் பார்க்கிற அதே கோணத்தில் கேமராவை வைத்தால் பார்க்கிறவரின் கையும் கூடவே அசையத் தொடங்கும். முகம் அழகாக வர வேண்டும் என்று எதிரில் போவது கல்யாண வீடியோவுக்குச் சரி. இங்கே முதலில் தோள்பட்டை, அப்புறம்தான் முகம்.

இன்னொன்று, கால். பாய்த்தறியிலும் சரி, மண் மிதிக்கும் இடத்திலும் சரி, நம் கைவினைஞர்கள் பாதி வேலையைக் காலால் செய்கிறார்கள். கையை மட்டும் குளோசப்பில் எடுத்து வந்தால் அந்தக் கை ஏன் அப்படி நிற்கிறது என்பதே புரியாது. ஒவ்வொரு செயலையும் முழு உடம்பும் தெரிகிற மாதிரி ஒரு தடவை, தோளிலிருந்து ஒரு தடவை, கிட்டத்தில் ஒரு தடவை எடுப்பது என் வழக்கம். இதற்காக யாரையும் திரும்பச் செய்யச் சொல்ல வேண்டியதே இல்லை. கைத்தொழிலில் ஒரே செயல் நாள் முழுக்கத் திரும்பத் திரும்ப வரும். பொறுமையாக இருந்தால் போதும்.

பொறுமை என்றால் வேளார்களிடம்தான். ஐயனார் குதிரை ஆளுயரத்துக்கு மேலும் போகும். மணலும் உமியும் கலந்து மிதித்த மண்ணில் முதலில் நாலு கால்கள், உள்ளே கூடாக. அவை ஓரளவு இறுகிய பிறகு வயிறு. அது தாங்கும் என்று தெரிந்த பிறகு கழுத்து, தலை. அவசரப்பட்டால் மேல்பாரத்தில் கால் பிதுங்கிச் சரியும், அதிகம் காயவிட்டால் புது மண் பழைய மண்ணோடு ஒட்டாது. ஆகவே இந்தத் தொழிலின் சூட்சுமம் காத்திருப்பதில் இருக்கிறது. வேளார் வந்து விளிம்பைக் கட்டைவிரலால் அழுத்திப் பார்ப்பார், போய்விடுவார். திரும்ப வருவார், ஈரத்துணியைப் போடுவார், போவார். டைம்லாப்ஸில் எடுத்தால் குதிரை தானாக முளைத்து எழுவது போல் பிரமாதமாக இருக்கும், அந்தக் கட்டைவிரல் மட்டும் காணாமல் போய்விடும். அதனால் அந்த அழுத்திப் பார்க்கும் தருணங்களைத் தனியே, முழு நீளத்தில், ஒவ்வொன்றிலும் "இப்போ எப்படி இருக்கு?" என்று கேட்டு எடுக்கிறேன். அன்றைய வெயில், காற்று, நேரம் எல்லாவற்றையும் நோட்டில் எழுதிக்கொள்கிறேன். குதிரை செய்யச் சொல்லி ஊர் பிடிமண் கொடுப்பதிலிருந்து, குதிரைக்குக் கண் திறந்து, அதைக் கோயிலுக்குத் தூக்கிச் செல்லும் புரவி எடுப்பு வரை சடங்கும் தொழிலும் பிரிக்க முடியாதவை. எதை எடுக்கலாம், எப்போது கேமராவைக் கீழே வைக்க வேண்டும் என்பதை ஊர்ப் பெரியவர்களிடமும் வேளாரிடமும் முதலிலேயே கேட்டுவிட வேண்டும். கண் திறக்கும் நேரத்தில் பக்கத்தில் நிற்க வேண்டாம் என்றார்கள், நிற்கவில்லை. பதிவில் அந்த இடம் வெறுமையாகத்தான் இருக்கிறது. அப்படியே இருக்கட்டும்.

ஜெர்மனியில் கோட்டிங்கன் நகரத்து அறிவியல் திரைப்பட நிறுவனம் 1952-இல் ஒரு கலைக்களஞ்சியத்தைத் தொடங்கியது, முழுக்கப் படச்சுருள்களால் ஆனது. ஒரு படத்தில் ஒரு செயல், அதைத் தொடக்கம் முதல் முடிவு வரை, முடிந்தவரை குறுக்கீடில்லாமல் எடுப்பதுதான் அதன் முறை. இன்றைய ரசனைக்கு வறட்சியாகத் தெரியலாம். எனக்கோ அதைவிட நல்ல முன்மாதிரி கிடைக்கவில்லை. சுவையாக வெட்டி, ஐந்து நிமிடத்தில் ஒரு படம் தனியே செய்துகொள்ளலாம், நானும் செய்கிறேன். ஆனால் வெட்டாத முழுப் பதிவுதான் மூலப் பத்திரம்.

நின்றுபோன தொழிலை என்ன செய்வது? விளாத்திகுளம் பக்கம் ஒரு ஊரில், பம்புசெட் வருவதற்கு முன்பு, மாடு பூட்டிக் கிணற்றில் நீர் இறைக்கும் கமலை ஓட்டிய பெரியவர் ஒருவர் அதைச் செய்துகாட்ட ஆசைப்பட்டார். நீர் அள்ளும் இரும்புச் சால் ஒரு வீட்டு மாட்டுக் கொட்டகையில் கிடந்தது. சாலின் அடியில் தண்ணீர் வெளியேறும் தோல் வாலைப் புதிதாகத் தைக்க வேண்டியிருந்தது. வடமும் வால்கயிறும் திரித்தாயிற்று. எல்லாம் முடிந்து மாட்டைப் பூட்டினால் மாடு பின்னால் நடக்கமாட்டேன் என்கிறது. சரிவில் இறங்கும்போது சால் மேலே வரும், திரும்பக் கிணற்றடிக்கு மாடு பின்னோக்கி நடந்து வர வேண்டும். வண்டியும் ஏரும் மட்டுமே தெரிந்த மாட்டுக்கு அது புரியவில்லை. பெரியவர் சலித்துக்கொள்ளவே இல்லை. மூக்கணாங்கயிற்றைப் பிடித்து, முதுகைத் தட்டி, நாக்கால் ஒரு ஓசை எழுப்பி, ஒவ்வோர் அடியாகப் பழக்கினார். கமலை ஓடியதைவிட அவர் மாட்டைப் பழக்கியதுதான் அந்தப் பதிவில் விலைமதிப்பில்லாதது. வேறு யாரும் இப்போது அதைச் செய்து பார்க்க வாய்ப்பே இல்லை.

செய்துகாட்டச் சொல்வது தவறில்லை, அதை மறைப்பதுதான் தவறு. ஆர்க்டிக் பகுதி வேட்டைக்காரர்களைப் பற்றி 1922-இல் வந்த புகழ்பெற்ற படத்தில், துப்பாக்கி பயன்படுத்தத் தொடங்கிவிட்டவர்களை ஈட்டியால் வேட்டையாட வைத்தார்கள். உள்ளே வெளிச்சம் போதவில்லை என்று பனிவீட்டை ஒரு பக்கம் திறந்து கட்டினார்கள். பார்த்தவர்கள் அதையே அன்றாட வாழ்க்கை என்று எடுத்துக்கொண்டார்கள். என் கமலைப் பதிவின் முதல் காட்சியில் இப்படி எழுதியிருக்கிறேன்: "இந்தக் கிணற்றில் கமலை நின்று பல ஆண்டுகளாகின்றன. பதிவுக்காகப் பூட்டப்பட்டது. தோல்வால் புதியது. மாடுகள் பழக்கமில்லாதவை." இவ்வளவு சொன்னால் பின்னால் வருகிறவர் எதை நம்பலாம், எதை நம்பக் கூடாது என்று தானே பிரித்துக்கொள்வார்.

பேட்டி எடுப்பதில் என் வழி கொஞ்சம் வேறு. வேலை நடக்கும்போது அதிகம் கேட்பதில்லை. சில நாள் கழித்து மடிக்கணினியோடு போய், எடுத்ததை அவர்களுக்கே போட்டுக் காட்டி, பார்த்துக்கொண்டே அவர்கள் பேசுவதைத் தனியாகப் பதிவுசெய்கிறேன். என்னிடம் இருப்பவற்றில் பெரிய பொக்கிஷம் இந்த இரண்டாவது பதிவுகள்தான். நேரில் கேட்டால் "அப்படியே சீவ வேண்டியதுதான்" என்று முடித்துவிடுகிற அண்ணாச்சி, தன் கையைத் திரையில் பார்த்ததும், "நிறுத்து, நிறுத்து. இந்தா, இங்க அருவாளைச் சாய்ச்சுட்டேன் பாரு, பாளை முத்திட்டு அதான்" என்று அரைமணி நேரம் பேசினார். பக்கத்தில் உட்கார்ந்திருந்த அக்கா குறுக்கிட்டு, "நேத்து பதநீ லேசா புளிப்பு தட்டுச்சு, கலயத்துல சுண்ணாம்பு ஒரே பக்கமா இழுவிருக்கு" என்றார். சுண்ணாம்பு தடவுகிற காட்சியை அவர் அப்போதுதான் பார்க்கிறார். விடிலியில் தெரிந்த விளைவுக்கு மரத்தடியில் இருந்த காரணம், அந்தத் திரைக்கு முன்னால் ஒன்று சேர்ந்தது. ஆண்களை மட்டும் பேட்டி எடுத்துவிட்டு வந்தால் இந்த மாதிரி அறிவு வரவே வராது. பெண்கள் கேமராவுக்கு முன்னால் பேசத் தயங்கினால் படம் வேண்டாம், குரல் மட்டும் போதும் என்று சொல்லிப் பாருங்கள். பாதித் தயக்கம் போய்விடும்.

கேட்கிற கேள்வியும் முக்கியம். "இந்தத் தொழில் அழியுதே, எப்படி இருக்கு?" என்று நான் கேட்பதில்லை. அதற்கு அவர்கள் என்ன பதில் சொல்வார்கள் என்பது கேட்கிறவருக்கு முன்பே தெரியும். சொல்லி முடித்ததும் அவர்களுக்கு மனசு விட்டுப்போகும். "புதுசா கத்துக்கிட வர்றவன் முதல்ல எதைக் கெடுப்பான்?", "உங்க அப்பா செஞ்சதுக்கும் நீங்க செய்றதுக்கும் என்ன வித்தியாசம்?", "எது கிடைக்காமப் போனா இந்த வேலையே நின்னுடும்?" என்று கேட்டால் முகமே மாறிவிடும். கடைசிக் கேள்விக்கு அண்ணாச்சி சொன்னது, மரம். செங்கல் சூளைக்கு விறகாகப் பனைகள் போன கதையை ஊர் ஊராகச் சொன்னார். ஒரு பனை பாளை விட 15 ஆண்டுகள் போல ஆகும் என்பதால் இன்று வெட்டினால் ஒரு தலைமுறைக்குத் திரும்ப வராது. 2021 வேளாண் பட்ஜெட்டில், பனையை வெட்ட ஆட்சியர் அனுமதி கட்டாயம் என்று தமிழக அரசு அறிவித்ததை அவர் தேதியோடு நினைவில் வைத்திருந்தார்.

சம்மதம் வாங்குவது ஒரு கையெழுத்தோடு முடிவதில்லை, பனைத்தொழிலில் குறிப்பாக. தமிழ்நாட்டில் 1987 முதல் கள்ளுக்குத் தடை இருக்கிறது. கலயத்தில் சுண்ணாம்பு தடவியிருந்தால் பதநீர், தடவாவிட்டால் புளித்துக் கள். நாம் எடுக்கிற ஒரு காட்சி, முகமும் ஊர்ப் பெயரும் சேர்ந்தால், ஒருவரைக் காவல் நிலையம் வரைக்கும் இழுத்துவிடலாம். பனையேறி என்று தெரிந்தால் மகளுக்கு வரன் தட்டிப்போகும் என்று அஞ்சுகிற வீடுகளும் உண்டு. சாதியின் பெயரால் இந்தத் தொழிலுக்கு ஏறிய அவமானம் இன்னும் முழுதாக இறங்கவில்லை. அதனால் முதல் நாள் சம்மதம், எடுத்ததைப் பார்த்த பிறகு ஒரு சம்மதம், பொதுவில் போடும் முன் இன்னொரு சம்மதம் என்று மூன்று கட்டமாக வைத்திருக்கிறேன். இரண்டாவது கட்டத்தில் "இது வேண்டாம்" என்று சொன்ன காட்சிகளை அவர்கள் முன்னாலேயே அழித்திருக்கிறேன். நல்ல காட்சிகள்தான். அவர்கள் வாழ்க்கையைவிடப் பெரிய காட்சி எதுவுமில்லை.

பணத்தைப் பற்றி வெளிப்படையாகப் பேசிவிடுவது நல்லது. நாம் கூடவே நடந்தால் அவருக்கு வேலை தாமதமாகும், பத்து மரம் குறையும். அதன் மதிப்பைக் கேட்டு, அன்றன்றைக்குக் கொடுத்துவிடுங்கள். பாகு காய்ச்சும் நாளில் அக்காவுக்குத் தனியாக, அவர் கையிலேயே. கருப்பட்டி வாங்கினால் சந்தை விலைக்கு வாங்குங்கள். அன்பளிப்பாகக் கொடுப்பதை மறுத்தால் வருத்தப்படுவார்கள் என்பதால் இரண்டு சிரட்டைக் கருப்பட்டி மட்டும் வாங்கிக்கொள்வேன்.

பத்திரப்படுத்துவதில் சுருக்கமாகச் சொல்கிறேன். மூன்று பிரதிகள், இரண்டு வகை ஊடகங்களில், ஒன்று வேறு ஊரில். கோப்பின் பெயரில் தேதி, ஊர், செயல். ஒவ்வொரு பதிவோடும் ஒரு சாதாரண உரைக் கோப்பு, அதில் யார் செய்தார் (பெயர் சொல்லச் சம்மதித்திருந்தால்), என்ன மரம், என்ன மண், கருவிகளுக்கு அந்த ஊரில் என்ன பெயர். கருவியைக் கையில் கொடுத்து அதன் பெயரை அவர் வாயாலேயே சொல்லவைத்துப் பதிந்துகொள்வது எளிது, பின்னால் தேடுவதற்கு உதவும். ஹார்ட் டிஸ்க்கை ஐந்தாறு ஆண்டுகளுக்கு ஒரு முறை புதிதுக்கு மாற்றிவிடுவது நல்லது. பொதுவில் வைக்க இன்டர்நெட் ஆர்க்கைவ், விக்கிமீடியா காமன்ஸ் இரண்டும் இருக்கின்றன. இலங்கையில் நூலகம் நிறுவனம் ஒலி, ஒளி ஆவணங்களையும் சேர்க்கிறது. பிரிட்டிஷ் மியூசியம் 2018-இல் தொடங்கிய, மறைந்துவரும் கைத்தொழில் அறிவைப் பதிவுசெய்வதற்கான திட்டம் ஒன்று நல்கை தருகிறது. அதில் சேர்ந்த பதிவுகளை யாரும் பார்க்கலாம். எங்கும் விண்ணப்பிக்காவிட்டாலும் அவர்கள் எப்படிக் குறிப்பெழுதுகிறார்கள் என்று பார்த்துக் கற்றுக்கொள்ளலாம். ஆனால் முதல் பிரதி அந்த வீட்டுக்குத்தான். பென்டிரைவில் போட்டுக் கொடுத்தால் டிவியில் செருகிப் பார்ப்பார்கள். வாட்ஸ்அப்பில் அனுப்பினால் தரம் குறைந்துவிடும், என்றாலும் அனுப்புங்கள், ஏனென்றால் அதைத்தான் உறவுக்காரர்களுக்கு அனுப்புவார்கள்.

அப்படி அனுப்பியது ஒன்று, திருப்பூரில் பனியன் கம்பெனியில் வேலைபார்த்துக்கொண்டிருந்த அண்ணாச்சியின் தங்கை மகனுக்குப் போயிருக்கிறது. போன பருவத்தில் ஊருக்கு வந்து மாமாவோடு மரம் ஏறத் தொடங்கியிருக்கிறார். பருவப்பனை ஓரளவு வசப்பட்டுவிட்டது என்கிறார். அலகுப்பனையில் இடுக்கி போடுவதுதான் தகராறு. என்னைக் கூப்பிட்டு, "அண்ணே, நீங்க எடுத்ததுல மாமா இடது கை எப்படிப் பாளையைப் பிடிக்குதுன்னு தெரியவே இல்ல. அதை மட்டும் எடுத்துக் குடுங்க" என்றார். குட்டையான அலகுப்பனை அந்தக் காட்டில் இல்லை. பக்கத்து மரத்தோடு சேர்த்து மூங்கில் சாரம் கட்டினால் இடது பக்கமிருந்து எடுத்துவிடலாம் என்று அண்ணாச்சியே யோசனை சொல்லியிருக்கிறார். சாரம் கட்டத் தெரிந்த ஒரு கொத்தனாரிடம் பேசியாயிற்று. மாசிப் பிற்பாதியில் இரண்டு முகூர்த்தம் வருகிறது, அவற்றை வேறொருவருக்கு மாற்றிவிட்டுவிட்டேன்.